கருவாடு கட்டிய கறுப்புப் பெட்டி

அக்டோபர் 28, திங்கள்

மிளகாய் மூட்டைகளை இன்று பிரித்தேன். நான் பறித்துக் காயவைத்த மூட்டையில் கையை விட்டால் எல்லாம் சிவப்பு. என் வீட்டுக்காரர் தக் கிபோங் அவர்கள் பறித்த மூட்டையில் பாதிக்குப் பாதி காய். வெயிலில் வெளுத்து வைக்கோல் நிறத்தில் கிடக்கிறது. கல்யாணமாகி முப்பத்திரண்டு வருஷம் ஆகிறது. ஒரு வருஷமாவது பழுத்ததைப் பார்த்துப் பறித்திருக்கிறாரா இந்த மனுஷன்? கேட்டால் "அவசரத்துல பறிச்சேன்" என்பார். அவசரப்படும் ஆளா அவர்? மாடு அசைபோடுவதுகூட அவரைவிட வேகம்.

பக்கத்துத் தோட்டத்து போங்னே வந்திருந்தாள். மூட்டையைத் திறந்து காட்டினேன். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். அவர் தொட்டியில் கை கழுவிக்கொண்டிருந்தார். கேட்டிருக்கும். கேட்கட்டும்.

இளமையில் ரயில் ஓட்டப் போகிறேன் என்று கிளம்பி, உடல் தகுதிச் சோதனையில் திரும்பி வந்தவர். என்ன கோளாறு என்று இன்றுவரை சொன்னதில்லை. என் கணக்கில் மூளைதான்.

எழுத வந்தது இதை அல்ல. தங்கை யோங்னிமுக்குத் தேதி கொடுத்துவிட்டார்கள். நவம்பர் 11 முதல் இருபத்தைந்து நாள் கதிர் சிகிச்சை. சனி ஞாயிறு மட்டும் விடுமுறை. காலை எட்டு மணிக்கு கங்னுங் ஆஸ்பத்திரியில் இருக்க வேண்டும். நடுவில் நாள் விடக்கூடாது என்று டாக்டர் இரண்டு தடவை சொன்னார். எங்கள் ஊர் இம்க்யேயிலிருந்து முதல் பஸ்ஸே எட்டே காலுக்குத்தான். ஆக, கார்தான் கதி. கார் என்றால் தக் கிபோங் அவர்கள்தான் கதி.

நான் ஓட்டட்டுமா என்று கேட்டேன். "உன் லைசென்ஸ் அலமாரியிலயே இருக்கட்டும். அலமாரிக்கும் துணை வேணும்ல" என்றார். பத்தொன்பது வருஷமாக அலமாரியில்தான் இருக்கிறது. அதுவும் கியர் வண்டி லைசென்ஸ். சும்மா வாங்கியதல்ல. பெண்களுக்கு கியர் வராது என்று இவர் சொன்னதற்காகவே வாங்கியது.


அக்டோபர் 30, புதன்

சந்தை நாள். புகோ கருவாடு ஒன்று வாங்கினேன். கண் இரண்டும் முழுசாக, வாய் திறந்தபடி, என் முழங்கை நீளம். கார் வாங்கிய வருஷம் வண்டிக்கு ஆபத்து வராமல் காவலாகக் கட்டியது எப்போதோ உதிர்ந்துவிட்டது. இப்போது யோங்னிமுக்காகப் புதிதாகக் கட்ட வேண்டும் என்று மனதில் தோன்றிக்கொண்டே இருந்தது.

அவர் வயலுக்குப் போனதும் பானெட்டைத் திறந்தேன். பேட்டரிக்குப் பக்கத்தில் மூடி போட்ட கறுப்புப் பெட்டி ஒன்று இருக்கிறது. கட்டுவதற்கென்றே செய்தது போல அளவு. கருவாட்டை அதன் மேல் படுக்கவைத்து வெள்ளை நூலால் ஏழு சுற்றுச் சுற்றினேன். நாலு சக்கரத்திலும் அரிசிக் கள்ளைத் தெளித்து மூன்று முறை குனிந்து கும்பிட்டேன். என் தங்கையைக் கொண்டுபோய்க் கொண்டுவந்து சேர்த்துவிடு. அவ்வளவுதான் கேட்டேன்.

நிமிர்ந்தால் அவர் நிற்கிறார். "எலி வரும்" என்றார். ஒரு நல்ல காரியம் நடக்கும்போது வாயில் வரும் வார்த்தையைப் பாருங்கள். நம்பிக்கையில்லாத ஜன்மம். உங்க மூளையில இல்லாத எலியா என்று கேட்டேன். போய்விட்டார்.


நவம்பர் 11, திங்கள்

முதல் நாள் முடிந்தது. யோங்னிம் நேற்றே எங்கள் வீட்டுக்கு வந்துவிட்டாள். உள்ளே பத்து நிமிஷம்தான். வெளியே வந்து, "ஒண்ணுமே தெரியலக்கா, போட்டோ புடிச்ச மாதிரி இருந்துச்சு" என்றாள். புருஷனைப் பறிகொடுத்து, தனியாக நூடுல்ஸ் கடை நடத்தி, இப்போது இது. அவள் சிரிக்கிறாள், நான் அவள் கழுத்துத் துணியை இரண்டு தடவை இறுக்கிக் கட்டிவிட்டேன்.

வண்டி ஓட்டுவதைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் எனக்குத் தூக்கம் வராது. சப்டாங் கணவாயைப் பிண வண்டி போல ஏறி இறங்கினார். கங்னுங்குக்குள் நுழைந்ததும் முதல் சிக்னலில் பச்சை விழுந்தும் நிற்கிறார். நான் சொல்ல வாயெடுப்பதற்குள் பின்னால் ஹாரன். அதன் பிறகு நகர்கிறார். ஹாரன் அடித்தால் நகரும் மனுஷன். வீட்டுக்கும் ஒரு ஹாரன் வாங்கி வைக்க வேண்டும்.


நவம்பர் 14, வியாழன்

இருட்டு விலகாத நேரம். கணவாய் உச்சியில் ஒரு கல் லாரி எங்களை முந்திப்போய் ஓரமாக நிறுத்தியது. டிரைவர் இறங்கி வந்தார். வலது பக்கம் பின் விளக்கு சுத்தமாக எரியவில்லை, வளைவில் திரும்பி எதிரே பார்த்தால் பாதிக் கார்தான் தெரிகிறது, ஏதோ மோட்டார் சைக்கிள் என்று நினைத்துவிட்டேன் என்றார். அந்த லாரியில் இருபது டன் கல். யோங்னிம் பின் சீட்டில்தான் உட்கார்ந்திருக்கிறாள்.

சாயங்காலம் பல்பு வாங்கி வந்து மாற்றினார். எரியவில்லை. பல்பை விரலால் தட்டினார். மறுபடி எரியவில்லை. தட்டினால் எரிய அது என்ன, வாசல் கதவா?


நவம்பர் 15, வெள்ளி

இன்று போகும்போது வலது பக்கம் கைவிளக்கில் சிவப்புக் காகிதம் சுற்றி ஒட்டிக்கொண்டு போனோம். காகிதத்தை வெட்டி ஒட்டியது நான். அவர் முதலில் எடுத்து வந்தது பச்சைக் காகிதம். நல்லவேளை பார்த்தேன். திருவிழாவுக்கா போகிறோம் என்று கேட்டேன்.

"ஃபியூஸா இருக்கும்" என்று சாயங்காலம் அறிவித்தார். ஸ்டீயரிங்குக்குக் கீழே ஒரு மூடி. அதைக் கழற்றிவிட்டுத் தலையைப் பிரேக்கின் அடியிலும் காலைச் சீட்டின் மேலும் வைத்து ஒன்றரை மணி நேரம் கிடந்தார். தெருவில் போகிறவர்களுக்கு இரண்டு காலுறைகள் மட்டும் தெரிந்திருக்கும். ஒன்றில் ஓட்டை.


நவம்பர் 16, சனி

கிம்ச்சி போடும் நாள். எண்பது முட்டைக்கோஸ். நானும் போங்னேயும் உப்புத் தண்ணீரில் கை மரத்துப்போக நிற்கிறோம். துரை மறுபடி ஃபியூஸ் பெட்டிக்குள் தலையை விட்டிருக்கிறார். ஒவ்வொன்றாகப் பிடுங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்க்கிறார். எதை எங்கிருந்து பிடுங்கினோம் என்பது நினைவில்லை. மத்தியானத்துக்குள் ரேடியோ போய்விட்டது. ஜன்னல் கண்ணாடி பாதியில் நின்றுவிட்டது. பின் விளக்கு மட்டும் எரியவில்லை. பிள்ளையார் பிடிக்கக் குரங்கானது என்பார்கள். இங்கே குரங்கே உட்கார்ந்து பிடித்துக்கொண்டிருந்தது.

அதை உரக்கவும் சொன்னேன். போங்னே சிரித்தாள். யோங்னிம் சிரிக்கவில்லை. வாசலில் போர்வை போர்த்தி உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்தவள், "அத்தான ரொம்பப் பேசாதக்கா. காலைல ஆறு மணிக்கு எனக்காக சீட்ட சூடு பண்ணி வைக்கிறாரு" என்றாள்.

சூடு பண்ண ஒரு பொத்தானை அமுக்கினால் போதும். அதற்கு மூளை தேவையில்லை.


நவம்பர் 17, ஞாயிறு

நாளை மறுபடி போக வேண்டும். இவரை நம்பினால் மண்குதிரையை நம்பி ஆற்றில் இறங்கியது போலத்தான்.

காரோடு கொடுத்த புத்தகம் ஒன்பது வருஷமாகப் பிளாஸ்டிக் உறை பிரிக்காமல் கிடந்தது. பிரித்தேன். கண்ணாடி போட்டுக்கொண்டு படித்தேன். அரை மணி நேரம்கூட ஆகவில்லை. காரில் ஃபியூஸ் பெட்டி ஒன்றல்ல, இரண்டு. ஒன்று ஸ்டீயரிங்குக்குக் கீழே. இன்னொன்று பானெட்டுக்குள், பேட்டரிக்குப் பக்கத்தில், கறுப்பு மூடியோடு. பின் விளக்கின் ஃபியூஸ் அந்த இரண்டாவதில்.

இரண்டு நாள் தப்பான பெட்டிக்குள் தலையை விட்டிருந்தார் மேதை. சிரித்துக்கொண்டே பானெட்டைத் திறந்தேன். சிரிப்பு நின்றுவிட்டது. கறுப்பு மூடிப் பெட்டி. அதன் மேல் என் கருவாடு.

நூலை அவிழ்த்தேன். அவிழ்க்கும்போதே மன்னிப்புக் கேட்டேன். வால் பக்கம் கொஞ்சம் கடிபட்டிருந்தது. தெருப் பூனையாக இருக்கும். குளிருக்கு எஞ்சினுக்குள் வந்து படுக்கிற வழக்கம் அதற்கு உண்டு.

மூடியின் உட்பக்கம் படம் போட்டு ஒவ்வொரு ஃபியூஸுக்கும் பெயரும் எண்ணும் அச்சிட்டிருக்கிறார்கள். எறும்பு எழுத்து. ஓரத்தில் சின்ன வெள்ளை இடுக்கி. சாவியை எடுத்துவிட்டேனா என்று பார்த்துக்கொண்டு, வலது பின் விளக்குக்கு உரியதை இடுக்கியால் பிடித்து நேராக இழுத்தேன். பல் பிடுங்குவது போல ஒரு சத்தத்தோடு வந்தது. சிவப்பு, பத்து என்று எழுதியிருந்தது. நடுவில் இருக்கும் மெல்லிய கம்பி அறுந்து கறுத்திருந்தது. ஒரு குழந்தைக்குக்கூடத் தெரியும். மூடியிலேயே உபரியாக ஒரு சிவப்புப் பத்து இருந்தது. அமுக்கிவிட்டு விளக்கைப் போட்டேன். யோங்னிம் பின்னால் போய் நின்று, "எரியுதுக்கா" என்றாள்.

மொத்தம் ஏழு நிமிஷம்.

ஜன்னல், ரேடியோ ஃபியூஸ்களையும் படத்தைப் பார்த்து இடம் மாற்றிப் போட்டேன். பிறகு கருவாட்டை மறுபடி கட்டிவிட்டு உள்ளே போய், இரண்டாவது பெட்டி இருப்பதே உங்களுக்குத் தெரியாதா என்று அவரைக் கேட்டேன். தெரியும் என்றார். தெரிந்தும் ஏன் பார்க்கவில்லை? "யோங்னிமுக்குன்னு நீ கட்டுனது. அத எதுக்கு நான் அவுக்கணும்னு இருந்தேன்."

ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம். இவருக்கு என் கருவாடு கோணல்.


நவம்பர் 20, புதன்

மறுபடி போய்விட்டது. திரும்பி வரும்போது போங்னே பின்னால் அவளுடைய வண்டியில் வந்தாள். அவள்தான் சொன்னாள்.

ஒரு தடவை மாற்றியதும் மறுபடி போனால் மெக்கானிக்கிடம் காட்டவும் என்று புத்தகத்தில் இருக்கிறது. மெக்கானிக் கூ கடையில் பனி டயர் மாற்ற வண்டிகள் வரிசையில் நிற்கின்றன. கொடுத்தால் நாலு நாள். நாலு நாளை யார் கொடுப்பது? அதோடு, நானே கண்டுபிடித்ததை கூ வந்து கண்டுபிடிக்க வேண்டுமா?

எனக்கு யோங்னிமின் மருந்துக் கஞ்சி அடுப்பில் இருந்தது. படத்தில் இடத்தைக் காட்டி, சிவப்பு ஃபியூஸ் ஒன்று வாங்கிப் போடுங்கள், இதையாவது செய்யுங்கள் என்று அவரிடம் சொன்னேன். கடையில் கலந்து போட்ட பாக்கெட்டாக வாங்கி வந்தார். இருட்டுவதற்குள் போட்டுவிட்டார். எரிகிறது.

கருவாட்டையும் அதே போல ஏழு சுற்று கட்டியிருந்தார். முடிச்சு மட்டும் கேவலம்.


நவம்பர் 29, வெள்ளி

பதினைந்து முடிந்தது. விளக்கு எரிகிறது. யோங்னிமுக்குத் தோல் சிவந்து எரிகிறதாம். என்னிடம் சொல்லவில்லை, பார்த்தேன்.


டிசம்பர் 2, திங்கள்

பனி. வழுக்காமலிருக்க டயரில் அவர் சங்கிலி மாட்டிய அழகை எழுதப் புகுந்தால் இந்த நோட்டுப் போதாது.


டிசம்பர் 5, வியாழன்

நடந்ததை நடந்தபடி எழுதிவிடுகிறேன்.

காலையில் கணவாய் ஏறும்போது வாசனை வந்தது. யோங்னிம்தான் முதலில், "யாரோ கருவாடு சுடுறாங்க" என்றாள். மலை உச்சியில், பனியில், ஏழே கால் மணிக்கு யார் கருவாடு சுடுவார்கள்? அடுத்த வளைவில் பானெட் இடுக்கிலிருந்து புகை. அவர் ஓரம் கட்டி, எங்களை இறங்கச் சொல்லி, பானெட்டைத் திறந்தார். நெருப்பு கையளவுதான் இருந்தது. கறுப்புப் பெட்டிக்குப் பக்கத்தில் கம்பி கொதிக்கிறது, நூல் எரிகிறது, கருவாடு எரிகிறது. வெறும் கையால் அதைப் பிடுங்கி எறிந்தார். பனியை அள்ளி அள்ளித் திணித்தார். நான் யோங்னிமைப் பிடித்துக்கொண்டு நின்றேன். என்ன மனுஷன்யா நீ, ஒரு விளக்கு எரிய வைக்கச் சொன்னா வண்டியவே எரிய வைக்கிறியே. இதைத்தான் கத்தினேன். முப்பத்திரண்டு வருஷத்தில் முதல் தடவையாக நீ என்று.

ஒரு கல் லாரி நின்றது. முன்பு எங்களை எச்சரித்த அதே டிரைவரா என்று பார்க்கக்கூட இல்லை. யோங்னிமை ஏற்றி நானும் ஏறினேன். அவரைத் திரும்பிப் பார்க்கவில்லை. ஒன்பதே காலுக்குப் போய்ச் சேர்ந்தோம். வரவேற்பில் இருந்த பெண் கணினியைப் பார்த்துக்கொண்டே யோசித்தாள். அந்த ஒரு நிமிஷத்தில் எனக்குத் தெரிந்த எல்லாத் தெய்வங்களையும் கூப்பிட்டேன். உட்காரச் சொன்னாள். பத்தொன்பதாவது நாள் தப்பவில்லை.

பஸ்ஸில் திரும்பி, யோங்னிமை வீட்டில் விட்டுவிட்டு நேராக கூ கடைக்குப் போனேன். காரை இழுத்து வந்திருந்தார்கள். அவர் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். பானெட் திறந்து கிடந்தது.

கூ டார்ச் அடித்துக் காட்டினார். பெட்டிக்கு அடியில் எலிக் கூடு. பஞ்சு, காகிதம், கருவாட்டு முள், எல்லாவற்றையும் சுற்றி என் வெள்ளை நூல். எலி கருவாட்டுக்கு வந்து, தங்கி, கம்பியின் உறையைக் கடித்திருக்கிறது. அந்தக் கம்பி இரும்பில் உரசும்போதெல்லாம் ஃபியூஸ் போயிருக்கிறது. "ஃபியூஸ் பொட்டி மேல போயி யாரு கருவாட்டக் கட்டுனது?" என்று கேட்டார் கூ.

ஸ்டூலிலிருந்து எழுந்து, "நான்தான்" என்றார் அவர்.

அப்போதாவது நான் பேசியிருக்க வேண்டும். பேசவில்லை.

கூ தலையை ஆட்டிக்கொண்டே இடுக்கியால் ஒரு ஃபியூஸை இழுத்து என் உள்ளங்கையில் வைத்தார். பச்சை. முப்பது என்று எழுதியிருந்தது. பத்து இருந்திருந்தால் கம்பி சூடாகும் முன்பே ஃபியூஸ் போய் வண்டி பிழைத்திருக்கும், முப்பதைப் போட்டதால் ஃபியூஸ் போகாமல் கம்பியே எரிந்துவிட்டது என்று விளக்கினார். யார் போட்டது என்று கூ கேட்கவில்லை. நான்தான் கேட்டேன். கூ, கூவின் வேலையாள், டயர் மாற்ற வந்த இரண்டு பேர் எல்லோருக்கும் கேட்கும்படி கேட்டேன்.

"சிவப்பத்தான போடச் சொன்னேன்? பச்சைக்கும் சிவப்புக்கும் வித்தியாசம் தெரியாதா உங்களுக்கு?"

"தெரியாது" என்றார்.

எகத்தாளம் என்றுதான் முதலில் நினைத்தேன். முகத்தைப் பார்த்தேன். எகத்தாளம் இல்லை. கூ கையைத் துடைத்துக்கொண்டே அந்தப் பக்கம் திரும்பிவிட்டார்.

வீட்டுக்கு நடந்து வந்தோம். வழியில் சொன்னார், நிலத்தைப் பார்த்துக்கொண்டே. ரயில்வேயில் ஒரு புத்தகம் காட்டினார்களாம், வட்டம் வட்டமாக வண்ணப் புள்ளிகள். உள்ளே என்ன எண் என்று கேட்டார்களாம். மற்றவர்கள் கடகடவென்று சொன்னார்களாம். இவருக்குப் புள்ளிகள் மட்டும்தான் தெரிந்ததாம். வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்களாம். அதற்குப் பிறகு யாரிடமும் சொல்லவில்லை. சிக்னலில் நிறத்தைப் பார்ப்பதில்லை, படுக்கை வரிசையில் இருக்கும் நாலு விளக்குகளில் எரிவதன் இடத்தைப் பார்க்கிறார். இடது ஓரம் எரிந்தால் நில், வலது ஓரம் எரிந்தால் போ. கங்னுங் போகும்போது காலை வெயில் எதிரே அடிப்பதால் எது எரிகிறதென்று தெரியாதாம். ஃபியூஸில் எண் போட்டிருக்குமே என்றேன். எண்ணைப் பார்க்கக் கண்ணாடி வேண்டும், கண்ணாடியை எடுக்க உள்ளே வந்தால் இதுகூடத் தெரியவில்லையா என்று நான் கேட்பேன் என்று வரவில்லையாம்.

கேட்டிருப்பேன்.

வீட்டில் விளக்கடியில்தான் அவர் கையைப் பார்த்தேன். உள்ளங்கை முழுக்கக் கொப்புளம். அந்தக் கையோடு பனியில் இரண்டு மணி நேரம் நின்றிருக்கிறார்.

மிளகாய். அந்த மிளகாய் மூட்டை. எத்தனை வருஷம், எத்தனை பேர் முன்னால. அட சனியனே, அதெல்லாம் இதுதானா?


டிசம்பர் 6, வெள்ளி

அவரால் ஸ்டீயரிங் பிடிக்க முடியாது. கூ தன் பழைய லாரியைக் கொடுத்தார். கியர் வண்டி. அலமாரியைத் திறந்தேன். லைசென்ஸில் பியோ கும்சில் என்ற பெயரோடு முப்பத்தெட்டு வயதுக்காரி ஒருத்தி யாரோ தன்னை ஏமாற்றிவிட்டது போல முறைக்கிறாள்.

முன் சீட்டில் மூன்று பேர். நடுவில் யோங்னிம். தெரு முனைக்குள் மூன்று தடவை எஞ்சின் நின்றது. போங்னே வாசலில் நின்று பார்த்தாள். அவர் திட்டுவார், திட்டட்டும் என்று காத்திருந்தேன். "கிளட்ச்ச மெதுவா விடு. அவசரமில்ல" என்றார். அவ்வளவுதான். கணவாயில் பிண வண்டிகூட என்னைத் தாண்டிப் போயிருக்கும்.

கங்னுங் முதல் சிக்னல். வெயில் நேரே கண்ணில் அடித்தது. கண்ணைச் சுருக்கிப் பார்த்தேன். நாலு வட்டமும் ஒரே வெள்ளை. எது எரிகிறதென்று தெரியவில்லை. நின்றேன். பின்னால் ஹாரன்.

அவர் பக்கத்து ஜன்னல் வழியாக வெளியே பார்த்துக்கொண்டிருந்தார். இந்த மனுஷன் ஒரு வார்த்தை சொல்லிக் காட்டியிருக்கலாம். சொல்லவில்லை. அதுதான் தாங்க முடியவில்லை.

இருபது முடிந்தது.


டிசம்பர் 9, திங்கள்

கார் வந்துவிட்டது. கம்பி புதிது. கூவிடம் போய், கருவாடு கட்டியது நான் என்று சொன்னேன். "தெரியும்க்கா. எந்த ஆம்பள நூல ஏழு சுத்து சுத்துவான்?" என்றார். ஊரே புத்திசாலி, நான் ஒருத்திதான் மக்கு.


டிசம்பர் 13, வெள்ளி

இருபத்தைந்து. யோங்னிம் வெளியே வந்து என் கையைப் பிடித்துக்கொண்டு, கார் வரைக்கும் விடவே இல்லை. வழியில் நூடுல்ஸ் சாப்பிட்டோம். தன் கடை நூடுல்ஸ் இதைவிட நன்றாக இருக்கும் என்று பாதிக் கிண்ணம் வரை சொல்லிக்கொண்டே இருந்தாள்.

மிச்சமிருந்த வெள்ளை நூலை மத்தியானம் எடுத்தேன். சின்னத் துணிப் பைகள் மூன்று தைத்தேன். பத்து ஃபியூஸ் பைக்கு ஒரு முடிச்சு, பதினைந்துக்கு இரண்டு, இருபதுக்கு மூன்று. முப்பதைக் குப்பையில் போட்டுவிட்டேன். காரின் டாஷ்போர்டுப் பெட்டியில் பைகளோடு ஒரு கண்ணாடியும் வைத்தேன். அவரிடம் ஒன்றும் சொல்லவில்லை. சாயங்காலம் எதற்கோ பெட்டியைத் திறந்தவர் நெடுநேரம் மூடவில்லை. கட்டுப் போட்ட கையின் கட்டை விரலால் முடிச்சுகளைத் தடவிக்கொண்டிருந்தார்.

காரில் கட்டப் புதுக் கருவாடு வாங்கவில்லை. சூப்புக்குத்தான் ஒன்று வாங்கினேன்.


ஆகஸ்ட் 23, ஞாயிறு

மிளகாய் முதல் பறிப்பு. போன வாரம் யோங்னிமைப் பரிசோதனைக்கு நான்தான் ஓட்டிப் போனேன். எல்லாம் சுத்தம் என்றார்கள். இன்று அவள் நிழலில் உட்கார்ந்து காம்பு கிள்ளினாள். நான் பறித்தேன். அவர் மூட்டை தூக்கினார். இந்த வருஷத்திலிருந்து இப்படித்தான்.

போங்னே வேலிக்கு அந்தப் பக்கமிருந்து எட்டிப் பார்த்தாள். போன வருஷச் சிரிப்பு அவள் வாயோரத்தில் தயாராக இருந்தது. "என்னடி, இந்த வருஷம் உங்க வீட்டுக்காரரு ஒரு மிளகாகூடப் பறிக்கல போல?" என்றாள்.

"அவருக்கு முதுகு வலி. குனிய முடியாது" என்றேன்.

மூட்டையோடு போய்க்கொண்டிருந்தவர் ஒரு நொடி நின்றார். திரும்பவில்லை. பிறகு நடந்தார். இரண்டு மூட்டையைத் தோளில் வைத்துக்கொண்டு, போங்னே பார்வையிலிருந்து மறையும் வரை, வலது காலை இழுத்து இழுத்து நொண்டினார். முதுகு வலிக்கு யாராவது நொண்டுவார்களா? இந்த மனுஷனுக்கு ஒன்றும் தெரியாது.